தூணில்லாத பால்கனி

ஜூன் 1, வியாழக்கிழமை. வைகாசி பதினெட்டு. எழுந்ததும் மாடித் தொட்டிக்குத் தண்ணீர் ஏற்றினேன். செடிகளுக்கு ஊற்றினேன். தினத்தாளை வாசித்து, மடித்து, அடுக்கில் வைத்தேன். வீட்டின் முன்பகுதியிலேயே இருக்கும் மருந்துக்கடையைத் திறந்து, குளிர்பெட்டியின் வெப்ப அளவைப் பார்த்துக் குறித்துக்கொண்டு, காலாவதி நெருங்கிய மாத்திரை அட்டைகளைத் தனியே எடுத்துவைத்தேன். மறுநாள் பெருமாள் கோயில் கருட சேவை. அதனால் கூட்டம் வழக்கத்தைவிட அதிகம். தாமலிலிருந்தும் கூரத்திலிருந்தும் முந்தின நாளே வந்து உறவினர் வீடுகளில் தங்கியிருப்பவர்கள் தலைவலி மாத்திரையும் கால்வலிக் களிம்பும் குளுக்கோஸ் பொடியும் வாங்கிக்கொண்டு போனார்கள்.

முற்பகலில் எதிர்வீட்டிலிருந்து ஒரு சத்தம் வந்தது, யாரோ அரிசி மூட்டையைத் தோளிலிருந்து போட்டதுபோல. வெளியே வந்து பார்த்தேன். கப்பல் வீட்டு வாசற்படியில் ஒரு கான்கிரீட் பாளம் உடைந்து கிடந்தது. அது பெயர்ந்த இடம், மேலே பால்கனியின் அடிப்பக்கத்தில், ஒரு தாம்பாள அகலத்துக்கு வாய் பிளந்திருந்தது. உள்ளே கம்பிகள் தெரிந்தன. கம்பி என்று சொல்வதுகூடப் பழக்கத்தால்தான். துரு ஏடு ஏடாக உரிந்து, பழைய மரப்பட்டைபோல இருந்தது.

அந்த வீட்டு அக்கா விளக்குமாறும் முறமுமாக வெளியே வந்தார். தெருவை இடமும் வலமும் பார்த்தார். அள்ளினார். உள்ளே போனார். நான் நின்றிருந்ததை அவர் பார்த்தாரா என்று எனக்குத் தெரியவில்லை.

அவர் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. எழுதினால் அவருக்குப் பிடிக்காது. தெருவில் எல்லாருக்கும் அவர் கப்பல் வீட்டு அக்காதான். வீட்டுக்கு அந்தப் பெயர் வரக் காரணம் மாடியில் இருந்த வட்ட ஜன்னல்களும், பால்கனியைச் சுற்றி ஓடிய மூன்று வரிசை இரும்புக் குழாய்க் கைப்பிடியும். சீனச் சண்டை நடந்த வருடம் அவருடைய அப்பா கட்டிய வீடு. பட்டு வியாபாரி. புடவை விற்க பம்பாய்க்குப் போனவர் அங்கே கடலோரத்து வீடுகளைப் பார்த்துவிட்டு வந்து, சென்னையிலிருந்து ஒரு இன்ஜினியரை அழைத்து, எங்கள் தெருவில் அதுபோல ஒன்றை எழுப்பினார். அப்போது மற்ற வீடுகளெல்லாம் ஓட்டுக் கூரையும் மரத்தூணும். இந்த வீட்டுக்கோ தட்டையான தலை, மெல்லிய சன்ஷேடு, பளபளக்கும் மொசைக் தரை, சுவரிலிருந்து நேராக நீண்டுவந்த படிக்கட்டுகள். எல்லாவற்றுக்கும் மேலாக, தெருவை நோக்கி நீட்டிக்கொண்டிருந்த அந்தப் பால்கனி. கீழே ஒரு தூண்கூட இல்லை.

கட்டிய புதிதில் யாரும் அதன் கீழே நடக்கமாட்டார்களாம். எதிர்ப்பக்கம் போய்ச் சுற்றிக்கொண்டு வருவார்கள் என்று என் அப்பா சொல்லியிருக்கிறார். தூண் இல்லாமல் எப்படி நிற்கும்? அந்தப் பயத்தைப் போக்கத்தான் அக்காவின் அப்பா முதல் கருட சேவையன்று தெருவையே மாடிக்கு அழைத்தார். ஊர்வலம் எங்கள் தெரு வழியாகத்தான் போகும். குடையும் கருடனும் அசைந்து வருவதைப் பால்கனியில் நின்றால் கண் மட்டத்தில் பார்க்கலாம். ஆள் மேல் ஆளாக ஏறி நின்றார்கள். பால்கனி அசையவில்லை. அன்று தொடங்கிய வழக்கம். ஒவ்வொரு வருடமும் முந்தின நாள் அக்கா வீடு வீடாகப் போய், "காலைல மாடிக்கு வந்துருங்க" என்று சொல்லிவிட்டு வருவார். கல்யாணத்துக்கு அழைப்பதுபோல, குங்குமச் சிமிழோடு.

அக்கா டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து அவருக்கு ஒரே ஒரு கவலைதான். எதிலும் எந்தச் சேதமும் தெரியக்கூடாது. சேதம் ஆகக்கூடாது என்பதல்ல, தெரியக்கூடாது.

இது அவருக்கு அப்பாவின் கடையில் வந்தது. தறியிலிருந்து வரும் புடவையில் எங்காவது இழை அறுந்திருக்கும், ஜரிகை தூக்கிக்கொண்டிருக்கும். அதை விற்பனைக்கு வைக்கும் முன்னால், அதே புடவையின் ஓரத்திலிருந்து இழை உருவி, ஊசியால் ஊடும் பாவுமாகக் கோத்து அடைத்துவிடுவார்கள். சிறுமியாக இருந்தபோதே அக்கா அதில் கைதேர்ந்தவர். என் மனைவியின் கல்யாணப் புடவை ஸ்கூட்டர் சக்கரத்தில் சிக்கி முந்தானையில் கிழிந்தபோது அவரிடம்தான் கொண்டுபோய்க் கொடுத்தோம். வாங்கி வந்த அன்று நானும் என் மனைவியும் புடவையை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து, கிழிசல் எங்கே இருந்தது என்று தேடினோம். இன்றுவரை கண்டுபிடிக்கவில்லை.

"ரிப்பேர் பண்ணது தெரிஞ்சா அது ரிப்பேர் இல்லப்பா. தழும்பு" என்பார்.

வீட்டையும் அப்படித்தான் வைத்திருந்தார். கூடத்தின் மொசைக் தரையில் அம்மிக்குழவி விழுந்து ஒரு சில்லு பெயர்ந்தது. வேறொருவராக இருந்தால் சிமெண்டை அப்பியிருப்பார்கள், அல்லது மொத்தத் தரைக்கும் டைல்ஸ் ஒட்டியிருப்பார்கள். அக்கா அதே சிவப்பு, அதே கறுப்பு, அதே முத்து வெள்ளைக் கற்சில்லுகளுக்காக மாதக்கணக்கில் அலைந்தார். வாலாஜாபாத்தில் ஒரு பழைய ரைஸ் மில்லை இடிக்கும்போது அதே மாதிரித் தரை இருப்பதாகக் கேள்விப்பட்டு, ஆட்டோ வைத்துக்கொண்டு போய், ஒரு சாக்கில் உடைசல்களை அள்ளிவந்தார். காதர் மேஸ்திரி அதைப் பதித்துத் தேய்த்துக் கொடுத்தார். அடுத்த வாரம் அந்த இடத்தின் மேலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டு, "எங்க விழுந்துச்சி, சொல்லு பாக்கலாம்" என்று வருகிறவர்களையெல்லாம் கேட்டார். குழந்தைபோலச் சிரித்தார்.

அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கும். ஆனால் அதே பழக்கத்தின் இன்னொரு பக்கத்தையும் நான் பார்த்திருக்கிறேன். ஒருநாள் கடைக்கு வந்து வலி மாத்திரை கேட்டார். வலது கையைப் புடவைத் தலைப்புக்குள் வைத்திருந்தார். இடது கையால் சில்லறையை எண்ணினார்.

"இன்னா ஆச்சுக்கா கையில?"

"ஒண்ணுமில்லப்பா. குளிருது."

சித்திரை மாதம் அது. மணிக்கட்டு முறிந்திருந்தது. அது தெரியவந்தபோது எலும்பு கோணலாகக் கூடிவிட்டிருந்தது. அப்புறம் ஊசி பிடிக்க அவரால் முடியவில்லை. அதையும் யாரிடமும் சொல்லவில்லை, கண் சரியாகத் தெரியவில்லை என்று சொல்லிக்கொண்டார்.

அவர் கணவரைப் பற்றியும் அப்படித்தான். கல்யாணமாகி வேலூருக்குப் போன அக்கா ஒருமுறை தீபாவளிக்கு வந்தார், திரும்பிப் போகவில்லை. "அவருக்கு அங்க வேல ஜாஸ்தி" என்றார். பொங்கலுக்கும் அதே பதில். கணவர் வேறொரு குடும்பம் நடத்துகிறார் என்று தெருவுக்குத் தெரிந்து பல வருடங்கள் ஆன பிறகும், யாராவது கேட்டால், வேல ஜாஸ்தி. கொஞ்ச நாளில் கேட்பதை நிறுத்திவிட்டார்கள். இழை இழையாகக் கோத்து அந்த இடத்தையும் மூடிவிட்டார்.

வீடு அவருக்கும் அவருடைய தம்பிக்கும் பொது. தம்பிக்கு வாலாஜாபாத்தில் வியாபாரம். வரும்போதெல்லாம், "அக்கா, இடிச்சிட்டு மூணு மாடி லாட்ஜ் போட்டா முகூர்த்த நாளுக்கு ரூம் கெடைக்காதுக்கா" என்பார். அக்கா அவருக்குக் காபி கலந்து கொடுப்பார். "வீடு கல்லு மாதிரி இருக்குது. இடிக்கறதுக்கு இன்னா காரணம்?" என்று ஒருமுறை மட்டும் கேட்டார். தம்பி சுவரைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். சுவரில் ஒரு விரிசல்கூட இல்லையே.

விரிசல் இல்லாமல் பார்த்துக்கொண்டது யார் என்று எனக்குத் தெரியும். காதர் மேஸ்திரி கலவைக்குள் செங்கல் பொடியும் அடுப்புக்கரியும் துளித் துளியாகச் சேர்த்து, பழைய பூச்சின் நிறம் வரும்வரை கையில் தடவித் தடவிப் பார்ப்பார். அக்கா பக்கத்திலேயே முக்காலி போட்டு உட்கார்ந்திருப்பார்.

"நேத்து பூசுனதுன்னு தெரியக்கூடாது பாய்."

"மனுஷனுக்குத் தெரியாதும்மா. உள்ள இருக்கற கம்பிக்குத் தெரியுமே."

"கம்பி இன்னா பேசவா போவுது? நீங்க பூசுங்க."

இருவரும் சிரிப்பார்கள். நானும் சிரித்திருக்கிறேன்.

இரண்டு வருடங்களுக்கு முன்பு சென்னையிலிருந்து கட்டடக்கலை படிக்கும் பிள்ளைகள் ஒரு வேனில் வந்தார்கள். அந்தக் காலத்து நவீன வீடுகளைத் தேடித் தேடிப் படம் எடுக்கிறார்களாம். வட்ட ஜன்னலைப் பார்த்துக் கூவினார்கள். பழுப்பு நிற பேக்கலைட் சுவிட்சைப் போட்டுப் போட்டு அணைத்தார்கள். இரும்பு ஜன்னலின் கொக்கிக்குக்கூடப் படம். "ஆன்ட்டி, ஒரு மாத்தமும் பண்ணாம எப்படி ஆன்ட்டி வெச்சிருக்கீங்க?" என்று ஒரு பெண் கேட்டபோது அக்காவின் முகத்தைப் பார்க்க வேண்டும். அன்று எனக்கும் சேர்த்து எல்லாருக்கும் ரோஸ்மில்க்.

அவர்களை அழைத்துவந்த ஆசிரியை கொஞ்சம் வயதானவர். அதிகம் பேசவில்லை. கிளம்பும் நேரத்தில் கழியொன்றை வாங்கி பால்கனியின் அடிப்பக்கத்தைத் தட்டினார். சுவரை ஒட்டி டண் டண் என்று கேட்டது. கொஞ்சம் தள்ளித் தட்டினார். பொத் பொத் என்றது.

"அம்மா, உள்ள கம்பி துருப்பிடிச்சு வீங்கியிருக்கு. வெளிய தள்ளுது. நீங்க மேல பூசறது எதையும் பிடிச்சு வைக்காது. ரெண்டு தூண் கொடுத்துத் தாங்கிக்கலாம். இல்லன்னா பால்கனியை மட்டும் இடிச்சு, அதே அளவுல திரும்பக் கட்டலாம். அதுவரைக்கும் யாரும் மேல ஏற வேண்டாம்."

"தூண் வெச்சா எங்கப்பா வீடு இல்லம்மா அது" என்றார் அக்கா. "கல்யாண மண்டபம்."

பிள்ளைகள் சிரித்தார்கள். ஆசிரியை சிரிக்கவில்லை. அன்றுதான் எனக்கு ஒன்று புரிந்தது. பட்டில் அறுந்த இடத்தைக் கோத்துவிட்டால் துணி மறுபடி துணியாகிவிடுகிறது. அந்த இடமே மற்ற இடத்தைவிட உறுதியாக இருக்கும். ஆயுள் முழுக்க அதைப் பார்த்தவர் அக்கா. ஆனால் இந்த வீட்டில் சேதம் உள்ளேயிருந்து வந்துகொண்டிருந்தது. வெளியே மூட மூட, உள்ளே அது வளர்ந்தது. புரிந்தும், அடுத்த கருட சேவைக்கு எல்லாரோடும் நானும் மேலே ஏறினேன்.

அந்த வியாழக்கிழமை மதியம் காதர் மேஸ்திரி ஏணியோடு வந்தார். நான் கடையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். சாயங்காலம் அவர் போகும்போது பால்கனியின் அடிப்பக்கம் முழுவதும் ஒரே சாம்பல் நிறம். அக்கா குங்குமச் சிமிழோடு தெருவில் இறங்கினார். எங்கள் வீட்டுக்கு வந்து என் மனைவிக்குக் குங்குமம் கொடுத்தார். "பாப்பாவ முன்னாடி நிக்க வை, என்ன? நல்லாத் தெரியும்" என்றார். விடுமுறைக்கு வந்திருந்த என் மகளின் கன்னத்தைக் கோணலாகக் கூடிய கையால் தொட்டுவிட்டுப் போனார்.

கடையை மனைவியிடம் பார்க்கச் சொல்லிவிட்டு, விளக்கு வைக்கும் நேரத்தில் எதிர்வீட்டுக்குப் போனேன். மறுநாள் மோருக்காக அக்கா கூடத்தில் உட்கார்ந்து இஞ்சி தோல் சீவிக்கொண்டிருந்தார்.

"அக்கா, காலைல பாளம் விழுந்தத நான் பாத்தேன்."

"எந்தப் பாளம்?"

"அக்கா."

கத்தியைக் கீழே வைத்தார். "பாய் பூசிட்டாரு. வெளிய போய்ப் பாரு. எங்க விழுந்துச்சின்னு காட்டு, பாக்கலாம்."

போய்ப் பார்த்தேன். தெருவிளக்கு வெளிச்சத்தில் அண்ணாந்து வெகுநேரம் நின்றேன். திரும்பி வந்தேன்.

"தெரியலக்கா."

"அப்புறம் இன்னா?"

"தெரியலன்னுதான் பயமா இருக்குது. நாளைக்கு எத்தினி பேர் ஏறுவாங்க? கைக்கொழந்தையோட வருவாங்க."

"எங்கப்பா காலத்துலேர்ந்து ஏறிக்கினுதான இருக்காங்க? நீயே அரை டவுசர்ல ஏறுனவன்தான?" என்றவர், சட்டென்று குரலைத் தாழ்த்திக்கொண்டார். "நான் எங்க நிக்கறேன்னு பாத்திருக்கியா?"

யோசித்தேன். முன்பெல்லாம் அக்கா பால்கனியில் நடுவில், கைப்பிடியைப் பிடித்தபடி நிற்பார். கடைசி இரண்டு கருட சேவையிலும் அவர் மேலே வரவில்லை. கீழே, வாசற்படியில், மோர்ப்பானையோடு நின்றார். வயதாகிவிட்டது, படியேற முடியவில்லை என்று நான் நினைத்திருந்தேன்.

"நேர் கீழ நிக்கறேன்பா. விழுந்தா மொதல்ல என் மேலதான் விழணும்."

அவருக்குத் தெரிந்திருக்கிறது. அந்த ஆசிரியை தட்டிய நாளிலிருந்தே தெரிந்திருக்கிறது. தெரிந்தே குங்குமம் கொடுத்திருக்கிறார், தெரிந்தே எங்களை மேலே அனுப்பிவிட்டு, அதற்கு ஈடாகத் தன்னைக் கீழே நிறுத்தியிருக்கிறார். எனக்குக் கோபம் வந்தது. அவர் கையைப் பிடித்துக்கொள்ளலாம் போலவும் இருந்தது. இரண்டையும் செய்யவில்லை.

"உங்க மேல விழுந்துட்டா, மேல நிக்கறவங்க எங்கக்கா போவாங்க?" என்று மட்டும் கேட்டேன்.

அவர் இஞ்சித் துண்டுகளைத் தட்டில் ஒதுக்கி ஒதுக்கி வைத்தார். பிறகு பேசியபோது வேறு யாரோ பேசுவதுபோல இருந்தது.

"தம்பிக்குத் தெரிஞ்சா நாளன்னிக்கே ஜேசிபி வந்துரும்பா. இவ்ளோ நாள் அவன் வாயை அடைச்சதே, ஒரு விரிசல் காட்டுடான்னு சொல்லித்தான்."

"ஒரு வருஷம் பூட்டி வைங்க. அப்புறம் பாத்துக்கலாம்."

"ஏன் பூட்டினன்னு கேப்பாங்களே."

"எதாச்சும் சொல்லிக்கலாம்க்கா."

"எதாச்சும் வேணாம். ஒண்ணுமே சொல்லக்கூடாது. நானும் சொல்லமாட்டேன், நீயும் சொல்லக்கூடாது. உம் பொண்டாட்டிகிட்டகூட." கையை நீட்டினார். "சத்தியம் பண்ணு. பூட்டிடறேன்."

சத்தியம் செய்தேன். அவர் எழுந்துபோய் மாடிப்படிக் கதவைப் பூட்டிவிட்டு வந்து, மறுபடி இஞ்சியின் முன் உட்கார்ந்தார். காரியம் முடிந்தது என்று நினைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

மறுநாள் விடிவதற்கு முன்பே தெரு நிறைந்துவிட்டது. எங்கள் தெருக்காரர்கள் குளித்து, புதுத்துணி உடுத்தி, பிள்ளைகளோடு கப்பல் வீட்டுக்கு வந்தார்கள். மாடிப்படிக் கதவு பூட்டியிருந்தது.

"இன்னாக்கா, மாடி இல்லியா இந்த வருஷம்?"

"இல்லப்பா."

"ஏங்க்கா?"

"இல்ல. அவ்ளோதான்."

மூன்றாம் வீட்டுப் புடவை வியாபாரி தன் மாமியாரை தாமலிலிருந்து அழைத்துவந்திருந்தார். "படம் புடிக்க மெட்ராஸ்லேர்ந்து வந்தாங்கல்ல, அதுலேர்ந்து நம்ம கால் பட்டா தரை தேயும் போலக்குது" என்றார், எல்லாருக்கும் கேட்கும்படி. சிலர் சிரித்தார்கள். "நேத்துதான குங்குமம் குடுத்து கூப்ட்டாங்க? வூட்டுக்கு வரச்சொல்லிட்டு கதவ சாத்தறது இன்னா மரியாதைம்மா?" என்று அந்த மாமியார் கேட்டார். அக்கா மோர் டம்ளரை அவரிடம் நீட்டினார். அந்த அம்மாள் வாங்கவில்லை. என் மனைவி என்னைப் பார்த்தாள். நான் தெருக்கோடியைப் பார்த்தேன்.

தூரத்தில் நாதஸ்வரம் கேட்டது. கூட்டத்தை ஒதுக்கக் கயிறு பிடித்துக்கொண்டு ஆட்கள் வந்தார்கள். "ஓரமா போங்க, ஓரமா போங்க" என்று நெட்டித் தள்ளினார்கள். மேலே போக முடியாதவர்கள் எல்லாரும் பின்வாங்கி, பின்வாங்கி, கிடைத்த ஒரே இடத்தில் ஒண்டினார்கள். கப்பல் வீட்டு வாசல். பால்கனிக்கு நேர் கீழே. வியாபாரி, மாமியார், பிள்ளையைத் தோளில் ஏற்றிக்கொண்டவர்கள், வெளியூர்க்காரர்கள். என் மகளும் அங்கேதான் நின்றாள். நான் யோசித்திருக்கவே இல்லை. மேலே பூட்டியது, எல்லாரையும் கீழே கொண்டுவந்து சேர்த்திருந்தது.

அக்காவைப் பார்த்தேன். அவரும் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். என் வாய் திறப்பதைப் பார்த்திருக்க வேண்டும். வேண்டாம் என்று தலையசைத்தார்.

டம்ளரை வைத்துவிட்டு உள்ளே போனார். ஒட்டடைக் கழியோடு வந்தார். கூட்டத்தை முழங்கையால் விலக்கிக்கொண்டு நடுவில் வந்து நின்று, கழியைத் திருப்பி, அடிமுனையை மேலே ஓங்கி, பால்கனியின் அடிப்பக்கத்தில் ஒரு இடத்தில் குத்தினார். எந்த இடம் என்று நான் முந்தின மாலை வெகுநேரம் தேடியும் எனக்குப் பிடிபடவில்லை. அவர் ஒரே குத்தில் பிடித்தார். ஈரம் காயாத பூச்சு பொலபொலவென்று அவர் தலையிலும் தோளிலும் கொட்டியது. மறுபடி குத்தினார். கூடவே பழைய பாளம் ஒன்றும் பெயர்ந்து வந்து அவர் காலடியில் விழுந்தது. யாரோ ஒரு பெண் அலறினாள். துருவேறிய கம்பிகள் அத்தனை பேர் கண்ணுக்கும் தெரிந்தன.

"நல்லா பாத்துக்கங்க" என்றார் அக்கா, கலவை ஒட்டிய முகத்தோடு. "பாத்துட்டுத் தள்ளி நில்லுங்க."